காலாவதியாகும் வழக்கும் காலாவதியாகாத கடனும்

வணிக உலகில் அடிக்கடி செவியில் விழும் சொல் ஒன்று உண்டு. “அந்தப் பாக்கிக்கு மூன்று ஆண்டு கடந்துவிட்டது, இனிக் கொடுக்க வேண்டியதில்லை” என்பதே அது. சொல்பவரைத் திருடர் என்று எவரும் சுட்டுவதில்லை. அவர் வழக்குரைஞரைக் கேட்டறிந்தே சொல்கிறார். சரக்கை வாங்கியது உண்மை. பில்லை ஏற்றுக்கொண்டது உண்மை. பணம் கொடுக்காதது உண்மை. நீதிமன்றம் இனி அவரைக் கட்டாயப்படுத்தாது என்பதும் உண்மையே. இந்நான்கு உண்மைகளையும் ஒருங்கே வைத்துக்கொண்டு, ஜினதருமத்தைப் பின்பற்றும் இல்லறத்தான் ஒருவன் அச்சொல்லைச் சொல்லலாமா என்று ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தமிழ்ச் சமணர் பெரும்பாலும் வேளாண்மையைத் தொழிலாகக் கொண்டவர்கள். எனினும் கடை நடத்துவோரும், ஒப்பந்தத் தொழில் செய்வோரும், ஆலைகளுக்குப் பொருள் அனுப்புவோரும் இன்று நம் இல்லங்களில் உளர். வணிகம் நம் சமயத்துக்குப் புதியதும் அன்று. மதுரையை அடுத்த அழகர்மலைக் குகைத்தளத்தில் உள்ள தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுகளில் உப்பு வணிகன், அறுவை வணிகன், கொழு வணிகன், பணித வணிகன் என்ற பெயர்கள் காணப்படுகின்றன. துறவியர்க்குக் கற்படுக்கை அமைத்த அறத்தில் பங்கு கொண்டோர் அவர்கள். உப்பு விற்றவனும் துணி விற்றவனும் தம் தொழிற்பெயரை மறைக்காமல் அறச்செயலின் அருகே பொறித்துவைத்தனர். தொழிலும் அறமும் வேறு வேறு பேரேடுகள் என்று அவர்கள் எண்ணவில்லை போலும்.

இவ்வினாவை ஆராய்வதற்குத் தூத்துக்குடிக் கடற்கரையை விடப் பொருத்தமான இடம் அரிது. கொற்கையின் முத்து வாணிகம் முதல் இன்றைய உப்பு ஏற்றுமதி வரை, கண்ணால் காணாத ஒருவர் சொல்லை நம்பிச் சரக்கை அனுப்பும் தொழிலே அங்குத் தொன்றுதொட்டு நடைபெற்று வருகிறது. 1961ஆம் ஆண்டோடு நின்றுபோன முத்துக்குளிப்பில், சிப்பிகளைத் திறவாமலே ஆயிரக்கணக்கில் எண்ணி ஏலம் விடுவது வழக்கம். ஈரறிவுயிர்களை எண்ணிலவாய் மாய்க்கும் அத்தொழிலை நாம் போற்றவில்லை. ஆயினும் அந்த ஏலத்தில் ஓர் உண்மை அடங்கியிருந்தது. உள்ளே முத்து இருந்தாலும் இல்லாவிட்டாலும், கேட்ட தொகையைக் கொடுத்தாக வேண்டும். வாங்கியவனுடைய ஊதியமும் நட்டமும் விற்றவனுடைய விலையை மாற்றுவதில்லை.

சட்டம் சொல்வது யாது?

1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டப்படி, விற்ற சரக்கின் விலையைக் கேட்டு வழக்கிட மூன்று ஆண்டுகளே உண்டு. தவணை குறிக்கப்படவில்லையாயின் சரக்கை ஒப்படைத்த நாளிலிருந்தும், குறிக்கப்பட்டிருப்பின் அத்தவணை முடிந்த நாளிலிருந்தும் அக்காலம் எண்ணப்படும். அதற்குப்பின் வரும் வழக்கை, பிரதிவாதி காலவரம்பைப் பற்றி வாய் திறவாவிடினும், நீதிமன்றம் தள்ளியாக வேண்டும் என்று அச்சட்டத்தின் 3ஆம் பிரிவு விதிக்கிறது. இது கொடுமையான விதி அன்று. ஆண்டுகள் செல்லச் செல்லக் கணக்குகள் அழியும், சாட்சிகள் மறைவர், நினைவு மங்கும். என்றோ நடந்ததை இன்று தோண்டி எவரையும் அலைக்கழிக்கலாகாது என்பதே அதன் கருத்து.

ஆனால் இவ்விதி கடனை அழிப்பதில்லை. பாம்பே டையிங் ஆலை தொடர்பான வழக்கில் உச்சநீதிமன்றம் இதனைத் தெளிவாக்கிற்று. தொழிலாளர் பெறாமல் விட்ட கூலித் தொகையைப் பற்றி எழுந்த வழக்கு அது. காலவரம்பு, வழக்கிட்டு மீட்கும் வழியை மட்டுமே அடைக்கிறது. கடன் கடனாகவே நிற்கிறது என்பது அதில் கூறப்பட்ட கொள்கை.

1872ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டமும் இதற்குச் சான்று பகர்கிறது. காலவரம்பு கடந்த கடனைத் தருவதாக ஒருவர் எழுதிக் கையொப்பமிட்டால், அதற்கு வேறு கைம்மாறு ஏதும் இல்லாவிடினும் அவ்வுறுதி செல்லும் என்று 25ஆம் பிரிவு கூறுகிறது. பல பாக்கிகள் உள்ள ஒருவர், இன்ன பாக்கிக்கு என்று குறிக்காமல் பணம் கொடுத்தால், கடன் கொடுத்தவர் அதனைக் காலவரம்பு கடந்த பாக்கிக்கும் வரவு வைத்துக்கொள்ளலாம் என்று 60ஆம் பிரிவு கூறுகிறது. செத்துப்போன கடனுக்கு வரவு வைக்க இயலுமோ? இயலாது. ஆகவே அக்கடன் உயிரோடு இருக்கிறது என்பதைச் சட்டமே ஒப்புக்கொள்கிறது.

ஒரு துறைமுக வழக்கு

துறைமுகத்தில் சரக்கு இறங்கியது முதல் வெளியேறும் வரை பல கட்டணங்கள் உண்டு. துறைக் கட்டணம் ஒன்று. குறித்த நாளுக்குள் எடுக்காவிடில் டெமரேஜ் எனப்படும் தாமதக் கட்டணம் மற்றொன்று. தூத்துக்குடியிலும் சென்னையிலும் இறக்குமதி செய்வோர் யாவரும் அறிந்தவை இவை. சென்னைத் துறைமுகத்தில் இத்தகைய கட்டணங்களைச் செலுத்திய ஹிமான்ஷு இன்டர்நேஷனல் என்ற வணிக நிறுவனம், 4,838 ரூபாய்ச் சொச்சத்தைத் திருப்பித் தருமாறு கோரிற்று. 1905ஆம் ஆண்டின் சென்னைத் துறைமுகப் பொறுப்புக்கழகச் சட்டம் குறித்த காலவரம்புக்குள் வழக்கு வரவில்லை என்று பொறுப்புக்கழகம் மறுத்தது. வழக்கு படிப்படியாக ஏறி, 1979இல் உச்சநீதிமன்றத்தின் முன் வந்தது.

அங்கே நீதிபதி பகவதி கூறியவை வணிகர் யாவரும் சிந்திக்கத் தக்கவை. காலவரம்பை வாதமாகக் கொள்வதை நீதிமன்றம் என்றும் விரும்பி நோக்குவதில்லை. நியாயமான கோரிக்கையை முறியடிக்க ஒரு பொது நிறுவனம் இவ்வாதத்தை எடுத்தல் அறத்துக்கும் நீதிக்கும் ஏற்றதன்று என்பது அவர் கருத்து. அச்சிறு தொகைக்காக அவ்வினாவை ஆராய்ந்து தீர்க்கவும் நீதிமன்றம் முன்வரவில்லை. எனினும், அவ்வாதம் சட்டப்படி சரியானதாயின் நீதிமன்றம் அதனை ஏற்றே ஆகவேண்டும் என்பதையும் அவர் மறைக்கவில்லை.

இங்கே நாம் கவனிக்க வேண்டுவது யாதெனில், நீதிமன்றம் தன் எல்லையைத் தானே சுட்டிக் காட்டியது என்பதாகும். ‘இவ்வாதம் உனக்கு உண்டு’ என்பது சட்டத்தின் சொல். ‘அதனை நீ எடுக்கலாமா?’ என்ற வினாவை அது வாதியிடமும் பிரதிவாதியிடமுமே விட்டுவிட்டது. அவ்விடத்தில் தொடங்குவதே விரதம்.

அறநூல் சொல்வது யாது?

காலவரம்பு கடந்த பாக்கியைக் கொடாமல் விடுவது எந்த விரதத்தைத் தொடுகிறது? கள்ளாமையை என்று உடனே விடை தோன்றும். ஆனால் ஒருவர் இவ்வாறு மறுக்கலாம்: “கொடுக்கப்படாததை எடுத்தலே களவு என்பது சூத்திரம். இச்சரக்கையோ விற்றவர் தாமே கொடுத்தார், நான் எடுத்துக்கொள்ளவில்லை. ஆகவே இது களவாகாது.”

இம்மறுப்பை எளிதாகத் தள்ளிவிடலாகாது. சரக்கு கொடுக்கப்பட்டது உண்மையே. ஆனால் எவ்வாறு கொடுக்கப்பட்டது? தானமாக அன்று, விலைக்கு. விலை வரும் என்ற நம்பிக்கையே அக்கொடையின் உயிர். தவணை வரை அந்நம்பிக்கையின் பேரில் பொருள் நம்மிடம் இருக்கிறது. கையில் பணம் இருந்தும் தவணைக்குப்பின் தர மறுத்தால், விலைக்குக் கொடுத்ததை நாம் தானமாக மாற்றிக்கொள்கிறோம். அம்மாற்றத்துக்கு அவர் இசைந்ததில்லை. ஆகவே சரக்கு கொடுக்கப்பட்டதாயினும், அதன் விலை நமக்குக் கொடுக்கப்படாததே.

இதனினும் நுட்பமான விளக்கம் பொய்யாமை விரதத்தில் கிடைக்கிறது. அதற்குரிய ஐந்து அதிசாரங்களுள் நியாசாபஹாரம் என்பது ஒன்று. தத்துவார்த்த சூத்திரத்திலும், சமந்தபத்திரரின் இரத்தினகரண்டக சிராவகாசாரத்திலும் இது கூறப்படுகிறது. பூஜ்யபாதர் சர்வார்த்தசித்தியில் இதனை விளக்கும் முறை வியக்கத்தக்கது. ஒருவன் பொன்னை அடைக்கலமாக வைத்துச் செல்கிறான். பின்னர் வந்து, எவ்வளவு வைத்தோம் என்பதை மறந்து, குறைவாகக் கேட்கிறான். வைத்திருப்பவன், ‘ஆம், அவ்வளவே’ என்று இசைகிறான். இதுவே நியாசாபஹாரம்.

இங்கே எவரும் எவர் வீட்டிலும் புகவில்லை. பொய்க்கணக்கு எழுதவில்லை. கேட்டதைக் கேட்டபடி கொடுத்தார், அவ்வளவே. ஆயினும் ஆசாரியர்கள் இதனைக் குற்றத்தின் பட்டியலில் வைத்தனர். எதனால்? பிறனுடைய மறதி நமக்கு உரிமையைத் தருவதில்லை என்பதனால். எண்ணிக்கையை மறந்தவனிடம் ‘அவ்வளவே’ என்பதற்கும், நாளை மறந்தவனிடம் ‘காலம் கடந்தது’ என்பதற்கும் அறத்தின் நோக்கில் வேறுபாடு யாது? இரண்டிலும் கடனைக் குறைத்தது நம் செலுத்துதல் அன்று, அவருடைய அயர்வே. அந்த அயர்வுக்கும் பல வேளைகளில் காரணம் நாமே அல்லவா? ‘அடுத்த மாதம் தருகிறேன்’ என்று நாம் சொன்ன சொல்லை நம்பியன்றோ அவர் வழக்கிடாமல் இருந்தார்!

கூடலேகக்கிரியை, அஃதாவது பொய்யாவணம் செய்தல், அதே விரதத்தின் மற்றோர் அதிசாரம். பணம் கேட்டு நோட்டீசு வந்தபின், ‘சரக்குத் தரமில்லை’ என்று முன்தேதியிட்டுக் கடிதம் ஆயத்தம் செய்தல் இதன்பாற்படும். உண்மையிலேயே சரக்குக் குறையுடையதாயின், பெற்ற அன்றே சொல்லுதல் அறம். அக்குறைக்கேற்பத் தொகையைக் குறைக்குமாறு கேட்பதில் குற்றமில்லை.

“வாதத்தை நான் எடுக்கவில்லை; என் வழக்குரைஞர் எடுத்தார்” என்பாரும் உளர். செய்தல், செய்வித்தல், உடன்படுதல் என்று வினை மூவகையால் வரும் என்பது நாம் அறிந்ததே. அதே தூத்துக்குடி மாவட்டத்தில் உள்ள கழுகுமலையில், பாறையில் செதுக்கிய திருவுருவங்களின் கீழ் அவற்றைச் செய்வித்தோர் பெயர்கள் வட்டெழுத்தில் உள்ளன. உளி பிடித்தவன் வேறாயினும் புண்ணியம் செய்வித்தவனுக்கும் உரியதாயிற்று. புண்ணியத்தில் செய்வித்தலை ஏற்றுக்கொண்டு, பாவத்தில் அதனை மறுக்க இயலாது.

கொல்லாமையையும் இங்கே கருத வேண்டும். அன்னபான நிரோதம், அதாவது நம்மைச் சார்ந்த உயிர்க்கு உணவையும் நீரையும் தடுத்தல், கொல்லாமை விரதத்தின் அதிசாரங்களுள் ஒன்று. கால்நடைக்கும் ஏவலர்க்கும் சொல்லப்பட்ட இது, நம் பில்லைச் சார்ந்து நிற்பவர்க்கும் பொருந்தும் என்பது என் கருத்து. தூத்துக்குடி உப்புக்குச் சாக்கு அனுப்பும் சிறு தொழிலர் ஒருவரை எடுத்துக்கொள்வோம். அவர்க்கு வரவேண்டிய பணம் நின்றால், முதலில் நிற்பது அவர் வீட்டு அடுப்பு அன்று. சாக்குத் தைக்கும் பெண்களின் கூலி. உப்பு வணிகரிடம் பணம் நின்றால், உப்பளத்தில் வெயிலில் நின்றவரின் கூலி நிற்கும். வடகிழக்குப் பருவமழையில் உப்பளம் நீரில் மூழ்கி வேலையற்றிருக்கும் காலத்தில் அக்கூலி நின்றால் என்ன ஆகும் என்பதை விளக்க வேண்டுவதில்லை. பேரேட்டில் ஒரு வரி நிலுவையாக நிற்பது, நம் கண்ணுக்குத் தெரியாத ஓர் இல்லத்தில் உலை நிற்பதாக முடிகிறது. சிறு தொழிலர்க்கு 45 நாட்களுக்குள் பணம் தரவேண்டும், தவறினால் கூட்டுவட்டி தரவேண்டும் என்று 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில்கள் மேம்பாட்டுச் சட்டம் விதித்ததும் இவ்வுண்மையைக் கருதியே எனலாம்.

அப்படியாயின் கொடுக்க இயலாதவன் யாது செய்வான்? இயலாமை களவன்று. மனத்தின் அயர்வும் தீய எண்ணமும் கூடியவழியே அது குற்றமாகும் என்பது நம் நூல்களின் துணிபு. அவனுக்கும் ஒரு வழி உண்டு. காலவரம்பு முடியுமுன், ‘இன்ன தொகை நான் தரவேண்டியது உண்மை’ என்று எழுதிக் கையொப்பமிட்டுக் கொடுத்தால், அன்று முதல் புதிதாகக் காலம் எண்ணப்படும் என்று காலவரம்புச் சட்டத்தின் 18ஆம் பிரிவு கூறுகிறது. பணம் இல்லாதவனிடமும் பேனா இருக்கிறது. அந்த ஒரு வரியை எழுத மறுப்பவன் இயலாமையால் மறுக்கிறானா, நாளை எண்ணிக்கொண்டு மறுக்கிறானா என்பதை அவன் உள்ளமே அறியும்.

கொடுத்தவன் கடமை

இதுவரை கடன்பட்டவனைப் பற்றிக் கூறினோம். பணம் வரவேண்டியவன் வழக்கிடலாமா என்பது மற்றொரு வினா. ‘ஜைனன் பொறுத்துப்போக வேண்டும், வழக்காடலாகாது’ என்று சிலர் கருதுவர். இல்லறத்தான் விலக்கவேண்டிய கொலை, எண்ணித் துணிந்து செய்யும் சங்கல்பக் கொலையே. தன்னையும் தன்னைச் சார்ந்தோரையும் தன் பொருளையும் காக்குமிடத்து நேரும் விரோதி ஹிம்சை அவனால் முற்றும் விலக்க இயலாதது என்பர் பெரியோர். உரிய பணத்தை நீதிமன்றத்தில் கேட்பதும் அவ்வகையானதே. தன் தொழிலாளர்க்குக் கூலி தரவேண்டியவன், வரவேண்டியதைக் கேளாமல் விடுவதைப் பொறுமை என்று சொல்ல இயலாது.

ஆனால் எல்லை உண்டு. கடல் வழக்குகளில், பணம் தராத கப்பலையே கைது செய்து துறைமுகத்தில் நிறுத்த உயர்நீதிமன்றம் ஆணையிடலாம். எரிபொருளும் உணவும் பழுதுபார்ப்பும் அளித்தோர் தம் பாக்கிக்காக அவ்வாறு கோர 2017ஆம் ஆண்டின் கடல்வழக்குச் சட்டம் இடம் தருகிறது. முறையான வழியே அது. எனினும் கப்பலின் உரிமையாளர் எங்கோ ஒரு நாட்டில் இருக்க, கப்பலில் காத்துக் கிடப்போர் மாலுமிகள். ஆணை பெற்றவன், ‘என் வேலை முடிந்தது’ என்று திரும்பிவிடாமல், அவர்களுக்கு நீரும் உணவும் கிடைக்கின்றனவா என்று வினவுதல் அவன் விரதத்தின் பகுதியாகும்.

வணிக நீதிமன்றச் சட்டம் 2018ஆம் ஆண்டுத் திருத்தத்தால் மற்றொரு வாயிலையும் திறந்துள்ளது. மூன்று லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் ஆன வணிகத் தகராறுகளில், அவசர நிவாரணம் வேண்டாதபோது, வழக்கிடுமுன் சமரசத்துக்கு முயல வேண்டும். இது கட்டாயமே என 2022இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. பலர் இதனைக் காலத்தாழ்வு என்று கருதுகின்றனர். நமக்கோ இது இயல்பான முதற்படியாக இருக்க வேண்டும்.

இவ்விடத்தில் கஷாயங்களைப் பற்றிய போதனையை நினைவுகூர்தல் நலம். கோபம் நால்வகை. நீரில் இட்ட கோடு போன்றது ஒன்று; மணலில் இட்ட கோடு போன்றது ஒன்று; நிலப்பிளவு போன்றது ஒன்று; பாறைப்பிளவு போன்றது ஒன்று. இவற்றின் வாசனை உள்ளத்தில் தங்கும் காலத்தையும் ஆசாரியர்கள் அளந்து வைத்தனர். முதலது ஒரு முகூர்த்தத்துக்குள் அடங்கும்; இரண்டாவது பதினைந்து நாள்; மூன்றாவது ஆறு திங்கள். அதனையும் கடந்து நிற்பது நற்காட்சியையே மறைக்கும் அனந்தானுபந்தி.

நம் நீதிமன்றங்களில் ஆறு திங்களில் முடியும் பண வழக்குகள் எத்தனை? வாய்தாவுக்கு மேல் வாய்தாவாகப் பல்லாண்டு செல்வதே பெரும்பான்மை. ஆகவே வழக்கிடுவோன் ஒன்றைத் துணிந்துகொள்ள வேண்டும்: வழக்கு எத்தனை ஆண்டு நடந்தாலும் நடக்கட்டும், அதனோடு கோபம் நடக்கலாகாது. பணத்துக்குக் காலவரம்பு மூன்று ஆண்டு. கோபத்துக்குக் காலவரம்பு ஆறு திங்கள். முன்னதைச் சட்டம் விதித்தது. பின்னதை அறநூல் விதித்தது. தசலக்ஷண பருவத்தின் முடிவில் மன்னிப்புக் கேட்கும் நாளன்று, எதிர்வழக்காடுபவரின் கையையும் பற்றி மன்னிப்புக் கேட்கலாம். அதனால் வழக்கைத் திரும்பப் பெற்றதாகாது. கடனைத் தள்ளியதும் ஆகாது. கடனைத் தள்ளுவது தானம். சினத்தைத் தள்ளுவது பொறை. தானம் அவரவர் ஆற்றலைப் பொறுத்தது; பொறை யாவர்க்கும் கடமை.

தந்தையின் கடன்

தந்தை பட்ட கடனை மகன் தீர்க்கவேண்டும் என்பது முன்னர்ச் சட்டமாகவும் இருந்தது. இந்து வாரிசுரிமைச் சட்டம் நமக்கும் பொருந்துவதே. அதில் 2005ஆம் ஆண்டு செய்த திருத்தத்துக்குப்பின் ஏற்பட்ட தந்தையின் கடனுக்காக, சமயக் கடமை என்ற காரணத்தை மட்டும் காட்டி மகன்மேல் வழக்கிட இயலாது. இங்கும் ஒரு கதவு அடைபட்டது. தந்தையின் சொத்தைப் பெற்றுக்கொண்டு அவருடைய பாக்கியை மறக்கும் மகனுக்கு, இனிச் சட்டம் பல வேளைகளில் துணை நிற்கக்கூடும். விரதம் துணை நிற்காது.

தூத்துக்குடித் துறைமுகம் 2011 முதல் வ.உ.சிதம்பரனார் பெயரைத் தாங்கி நிற்கிறது. 1906இல் சுதேசிக் கப்பல் கம்பெனியை நிறுவிய அப்பெருமகன், சிறை மீண்டபின் வறுமையில் வாழ்ந்து 1936ஆம் ஆண்டு நவம்பர் 18ஆம் நாள் தூத்துக்குடியில் மறைந்தார். அவர் சைவ நெறியினர். ஆயினும் அவருடைய உயில் நம்மவர் ஒவ்வொருவரும் அறியத் தக்கது. அதில் வீட்டு வாடகைப் பாக்கி, துணிக்கடைப் பாக்கி, எண்ணெய்க்கடைப் பாக்கி என்று தாம் கொடுக்கவேண்டிய சிறு கடன்களையும் குறித்துவைத்தார். அவர் வழக்குரைஞர், எக்கடனுக்கு எக்காலம் வரை வழக்கிடலாம் என்பதை அறியாதவர் அல்லர். ஒரு கம்பெனியையே இழந்தவர், எண்ணெய்க்கடைக்காரரின் கணக்கை மறக்கவில்லை.

சல்லேகனை ஏற்குமுன் செய்தது, செய்வித்தது, உடன்பட்டது என மூவகை வினையையும் ஒளிக்காமல் எடுத்துரைக்க வேண்டும் என்று சிராவகாசாரம் கூறுகிறது. அந்நாளில் எழுதவேண்டிய கணக்கை, உடல் நலமும் கையில் பொருளும் உள்ள இந்நாளிலேயே எழுதுதல் எளிது. பழைய பேரேடுகளை எடுத்து, ‘காலம் கடந்தது’ என்று அடித்துவிட்ட வரிகள் உளவா என்று பார்ப்போமாக. இருப்பின், அப்பெயர்க்கு உரியவரோ அவர் மக்களோ எங்குளர் என்று தேடுவோமாக. முழுத்தொகை இயலாவிடில் ஒரு பகுதி. அதுவும் இயலாவிடில் ‘தரவேண்டியது உண்மை’ என்ற ஒரு வரி. வழக்கு காலாவதியாகலாம், வினைக்குக் காலவரம்பு இல்லை.